நீராவிக் காருக்குத் தீ மூட்டுவதற்கு முன்

தீப்பெட்டியைச் சட்டைப்பையில் வையுங்கள். இன்னும் அரை மணி நேரத்துக்கு அதற்கு வேலையில்லை.

நான் தென்னாப்பிரிக்காவில் நேட்டால் வடகரையில் ஒரு சர்க்கரை ஆலையில் நாற்பத்தொரு ஆண்டுகள் பாய்லர் பார்த்தவன். கரும்புச் சக்கையை எரித்து நீராவி எழுப்புவதுதான் என் பிழைப்பு. என் அப்பாவுக்கும் அதே பிழைப்பு. ஓய்வு பெற்று வெருலத்தில் கறிவேப்பிலைச் செடிக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தபோது, பீட்டர்மாரிட்ஸ்பர்க்குக்கு மேலே மலைப்பக்கப் பண்ணையிலிருந்து ஓர் அம்மாள் என்னை விசாரித்துக்கொண்டு வந்தார். காலமான கணவர் ஒரு பழைய காரை விட்டுப் போயிருக்கிறார். மோட்டார் மெக்கானிக் யாரைக் கூப்பிட்டாலும் பார்த்துவிட்டுத் தலையை ஆட்டிக்கொண்டு போய்விடுகிறார்கள் என்றார். போய்ப் பார்த்தேன். கியர் இல்லை, கிளட்ச் இல்லை, ஸ்டியரிங் சக்கரம்கூட இல்லை. படகுக்கு இருப்பதுபோல் ஒரு வளைந்த கம்பி. இருக்கைக்கு அடியில் தவலை அளவுக்கு ஒரு பாய்லர். அமெரிக்க லோகோமொபீல், 1900-ஆம் ஆண்டு வாக்கில் செய்தது. பாய்லரைப் பார்த்ததும் எனக்குப் போன உயிர் வந்தது.

இப்படி ஒரு வண்டி உங்கள் கைக்குக் கிடைக்காமலே போகலாம். கிடைத்தால், அல்லது கிடைத்த ஒருவருக்குப் பக்கத்தில் நிற்க நேர்ந்தால், என்ன செய்ய வேண்டும் என்பதைத் தமிழில் யாரும் எழுதி நான் பார்த்ததில்லை. அதனால்தான் எழுதுகிறேன்.

எல்லோரும் நீராவி வண்டி என்றதும் நெருப்பை நினைக்கிறார்கள். நெருப்பு தன்னைத் தானே காட்டிக்கொள்ளும். அணைந்தால் தெரியும், அதிகமானால் தெரியும். பாய்லர்காரன் பார்க்க வேண்டியது தண்ணீரை. அது இரும்புக்குள்ளும் செம்புக்குள்ளும் ஒளிந்திருக்கிறது.

அதைக் காட்டுவதற்குப் பாய்லரின் பக்கத்தில் செங்குத்தாக ஒரு கண்ணாடிக் குழாய் இருக்கும். மேல் முனை நீராவி இருக்கும் இடத்தில் சேரும், கீழ் முனை தண்ணீரில் சேரும். உள்ளே எந்த மட்டமோ கண்ணாடியிலும் அதே மட்டம். இவ்வளவு எளிதான பொருளில் இரண்டு வஞ்சகம் இருக்கிறது. முதலாவது: முழுக்க நிறைந்த கண்ணாடியும் முழுக்கக் காலியான கண்ணாடியும் பார்வைக்கு ஒன்றுதான். இரண்டிலும் மட்டக்கோடு தெரியாது. எங்கள் ஆலையில் கண்ணாடிக்குப் பின்னால் சாய்கோடுகள் போட்ட தகடு ஒன்றை வைத்திருப்பார்கள். வெறுங்கண்ணாடி வழியாகப் பார்த்தால் கோடு ஒரு பக்கம் சாய்ந்திருக்கும். தண்ணீர் வழியாகப் பார்த்தால் மறுபக்கம் சாய்ந்து தெரியும். பழைய கார்களில் அந்தத் தகடு இருக்காது. ஒரு சிறு அட்டையில் நீங்களே கோடு கிழித்துப் பின்னால் செருகிக்கொள்ளுங்கள். ஐந்து நிமிட வேலை.

இரண்டாவது வஞ்சகம் மோசமானது. எனக்குப் பத்தொன்பது வயது, வேலையில் சேர்ந்து நான்கு மாதம். இரவு ஷிஃப்டில் கண்ணாடி பாதி மட்டம் காட்டியது. ஒரு மணி நேரம் கழித்தும் அதே பாதி. இரண்டு மணி நேரம் கழித்தும் அதே பாதி. நான் மகிழ்ச்சியாக இருந்தேன். அப்பா வேறு பாய்லரிலிருந்து வந்து பார்த்தவர் ஒன்றும் பேசாமல் கண்ணாடியின் அடித்திருகைத் திறந்தார். இருந்த தண்ணீர் வடிந்தது. புதுத் தண்ணீர் ஏறவில்லை. கீழ்க்குழாயில் உப்புப் படிந்து அடைத்திருந்தது. நான் இரண்டு மணி நேரமாகப் பார்த்துக்கொண்டிருந்தது அடைபட்டுக் கிடந்த பழைய தண்ணீரை. பாய்லருக்குள் மட்டம் எவ்வளவோ இறங்கியிருந்தது. தீயைத் தணித்தோம், யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. "ஆடாத தண்ணீரை நம்பாதே" என்று மட்டும் சொன்னார். ஓடும் பாய்லரில் மட்டம் எப்போதும் கொஞ்சம் துள்ளிக்கொண்டேதான் இருக்கும்.

ஆகவே முதல் வேலை: கண்ணாடியின் அடித்திருகைத் திறந்து வடித்துவிட்டு மூடுங்கள். மட்டம் சட்டென்று ஏறி வந்து நிற்க வேண்டும். மெதுவாக ஏறினால் வழி அடைத்திருக்கிறது. துப்புரவு செய்யாமல் மேலே போகாதீர்கள். காலையில் ஒருமுறை செய்தால் போதாது. வண்டி நிற்கும் ஒவ்வொரு இடத்திலும் செய்யுங்கள்.

இதை நான் வயதான காலத்தின் பயம் என்று நினைத்தவர்களுக்கு ஓர் இங்கிலாந்துக் கதை சொல்வேன். ரிச்சர்ட் ட்ரெவிதிக் என்ற சுரங்கப் பொறியாளர் 1801 டிசம்பர் 24 அன்று கார்ன்வாலில் கேம்போர்ன் என்ற ஊரின் மேட்டில் தன் நீராவி வண்டியை ஆட்களை ஏற்றிக்கொண்டு ஓட்டிக் காட்டினார். ஊரே திரண்டு பார்த்தது. சில நாட்களில் அது வழியில் பழுதாகி நின்றது. ஒரு கொட்டகைக்குள் தள்ளிவிட்டு எல்லோரும் விடுதிக்கு வாத்துக்கறி தின்னவும் குடிக்கவும் போய்விட்டார்கள். அடியில் தீ எரிந்துகொண்டிருந்ததை யாரும் நினைக்கவில்லை. தண்ணீர் வற்றியது, இரும்பு பழுத்தது, கொட்டகையும் வண்டியும் சேர்ந்து எரிந்தன. 1803-இல் கிரீனிச்சில் அவருடைய பாய்லர் ஒன்று வெடித்து ஆட்கள் இறந்தார்கள். அப்போது காவலுக்கு இருந்த பையன் விலாங்கு மீன் பிடிக்கப் போயிருந்தான். அதற்குப் பிறகுதான் ட்ரெவிதிக் ஈயத்தால் ஒரு சிறு அடைப்பைப் பாய்லரில் பொருத்தத் தொடங்கினார். தண்ணீர் இருக்கும்வரை ஈயம் உருகாது. தண்ணீர் இறங்கினால் உருகி, நீராவி சீறி, தூங்குகிறவனையும் எழுப்பும். எங்கள் ஆலைப் பாய்லர்களிலும் அந்த அடைப்பு இருந்தது. ஒரு வாத்து விருந்துக்கும் ஒரு மீனுக்கும் நாம் கடன்பட்டிருக்கிறோம்.

இரண்டாவது வேலை உங்களுடையது அன்று, சோதனையாளருடையது. பாய்லருக்குச் சான்று இருக்கிறதா என்று கேளுங்கள். இல்லையென்றால் வீட்டுக்குப் போய்விடுங்கள். உரிமையாளர் எவ்வளவு நல்லவராக இருந்தாலும் சரி. சோதனையைக் குளிர்ந்த நீரில்தான் செய்வார்கள். பாய்லரை முழுக்க நிரப்பி, வேலை அழுத்தத்தைவிட அதிகமாகக் கைப்பம்பால் ஏற்றுவார்கள். நீர் அமுங்காது. எங்காவது விரிசல் விட்டால் கொஞ்சம் ஒழுகும், அழுத்தம் விழுந்துவிடும், அவ்வளவுதான். அதே விரிசல் நீராவியில் விட்டால் கதை வேறு: ஒரு படி தண்ணீர் வெளிக்காற்றில் ஏறத்தாழ 1,600 படி நீராவியாக விரியும்.

அந்த அம்மாளின் வண்டிக்குச் சான்று வாங்கவே ஐந்து மாதம் ஆனது. ஆனாலும் பாய்லரின் அமைப்பைப் பார்த்து நான் வியந்துபோனேன். பதினான்கு அங்குல அகலச் செம்பு உருளை; அதற்குள் மேலிருந்து கீழாகச் சுமார் முந்நூறு செம்புக் குழாய்கள். நெருப்பு குழாய்களுக்குள் போகும், தண்ணீர் அவற்றைச் சுற்றி நிற்கும். உருளை பிதுங்காமல் இருக்க வெளியே பியானோக் கம்பியை நெருக்கமாகச் சுற்றியிருக்கிறார்கள், பம்பரத்துக்குச் சாட்டை சுற்றியதுபோல. தண்ணீர் வற்றினால் இந்த வகைப் பாய்லரில் குழாய் மூட்டுகள் தளர்ந்து ஒழுகத் தொடங்கும். பாய்லர் பாழ், ஆனால் ஆள் பிழைப்பான்.

மூன்றாவது, தொட்டிகள். பாய்லரைச் சுற்றிக் குதிரை லாடம்போல் வளைந்திருப்பது தண்ணீர்த் தொட்டி. காலடியில் இருப்பது பெட்ரோல். மழைநீர் கிடைத்தால் மழைநீரே ஊற்றுங்கள், உப்பு படியாது. துணியால் வடிகட்டி ஊற்றுங்கள். நான் பழைய வேட்டித் துண்டை நான்காக மடித்துப் பயன்படுத்துகிறேன்.

நான்காவதாகத்தான் நெருப்பு. கைப்பம்பால் பெட்ரோல் தொட்டிக்குக் காற்றழுத்தம் ஏற்ற வேண்டும். பெட்ரோல் அந்த அழுத்தத்தில்தான் பர்னருக்குப் போகும். ஆனால் பெட்ரோல் திரவமாகப் போகக் கூடாது, ஆவியாகப் போக வேண்டும். வண்டி ஓடும்போது பர்னரின் சூடே அதை ஆவியாக்கிக்கொள்ளும். காலையில் பர்னர் குளிர்ந்து கிடக்கிறது, சூடு எங்கிருந்து வரும்? அந்தக் காலத்தில் ஓர் இரும்புக் குழாயைச் சமையலறை அடுப்பில் பழுக்கக் காய்ச்சி, ஓடிவந்து பர்னரில் மாட்டுவார்களாம். வீட்டுப் பெண்கள் என்ன சொல்லியிருப்பார்கள் என்பதை நான் ஊகித்துக்கொள்கிறேன். நாங்கள் புளோ லாம்பு என்ற சுடர் ஊதும் கைவிளக்கால் ஆவிக்குழாயைச் சூடாக்கினோம். பொறுமையாகச் சூடாக்குங்கள். அவசரப்பட்டால் திரவம் தட்டில் கொட்டி, ஓரடி உயரத்துக்கு மஞ்சளாக எரிந்து, உங்கள் புருவத்தைக் கேட்கும். அப்படி நேர்ந்தால் பெட்ரோலை அடைத்துவிட்டுத் தள்ளி நில்லுங்கள், தண்ணீரை ஊற்றாதீர்கள். தீயணைப்பு உருளை ஒன்று கைக்கெட்டும் இடத்தில் இருக்கட்டும். ஆனால் வண்டியில் அன்று, வண்டிக்கு வெளியே.

சரியாகப் பற்றினால் பர்னர்த் தட்டின் நூற்றுக்கணக்கான சிறு துளைகளிலும் குட்டையான நீலச் சுடர் நிற்கும், ஒரே சீரான இரைச்சல் கேட்கும். மஞ்சள் சுடர் கற்பூரத் தட்டுக்கு அழகு. இங்கே ஆகாது.

இனி இருபது முப்பது நிமிடக் காத்திருப்பு. அழுத்தமானி முள் கொஞ்ச நேரம் அசையவே அசையாது. பிறகு திடீரென்று ஏறத் தொடங்கும். சதுர அங்குலத்துக்கு 150 பவுண்டு வரவேண்டும். அப்போது உள்ளே தண்ணீர் 185 டிகிரி செல்சியஸில் இருக்கும். அம்மாள் தேநீரும் ரஸ்க்கும் கொண்டுவந்தார். என் தங்கையின் பேரன் உதவிக்கு வந்திருந்தான். "தாத்தா, இவ்வளவு நேரமா?" என்றான். சாவியைத் திருகினால் கிளம்பும் காலத்துப் பிள்ளை. அவனுக்குச் சொன்னதையே உங்களுக்கும் சொல்கிறேன். காத்திருக்கும்போது வேறு என்ன செய்வது?

இந்தக் காரை வடித்தவர்கள் இரட்டைச் சகோதரர்கள், ஃபிரான்சிஸ் ஸ்டான்லியும் ஃப்ரீலன் ஸ்டான்லியும். அமெரிக்காவின் மாசசூசெட்ஸில் புகைப்படத் தகடு செய்து பணம் பார்த்தவர்கள். 1897-இல் ஒரு நீராவிக் கார் செய்தார்கள். 1899-இல் அதைச் செய்யும் உரிமையை இரண்டரை லட்சம் டாலருக்கு விற்றார்கள். வாங்கியவர்கள் வைத்த பெயர்தான் லோகோமொபீல். அந்த ஆண்டே ஃப்ரீலன் தன் மனைவியை உட்காரவைத்து வாஷிங்டன் மலையின் உச்சிவரை ஓட்டிப் போனார். 1900-இல் அமெரிக்காவில் செய்த 4,192 கார்களில் 1,681 நீராவி, 1,575 மின்சாரம், 936 மட்டுமே பெட்ரோல். அன்றைக்கு யாரிடமாவது எது நிலைக்கும் என்று கேட்டிருந்தால் பெட்ரோல் என்று சொல்லியிருக்கமாட்டார்கள். சகோதரர்கள் பிறகு தங்கள் பெயரிலேயே கார் செய்தார்கள். அவர்கள் வண்டியில் ஃபிரெட் மேரியட் 1906-இல் ஃபுளோரிடாக் கடற்கரையில் மணிக்கு 127 மைல் வேகத்தைத் தாண்டினார்.

நம் தென்னாப்பிரிக்காவுக்கு முதலில் வந்த கார் நீராவி அன்று. 1897 ஜனவரி 4 அன்று பிரிட்டோரியாவில் அன்றைய டிரான்ஸ்வால் குடியரசின் அதிபர் குரூகர் முன்னிலையில் ஓடிக் காட்டியது பெட்ரோலில் ஓடும் பென்ஸ். ஆனால் நீராவி அதற்கு முன்பே வந்துவிட்டது. 1860 ஜூன் 26 அன்று டர்பனில் பாயின்ட் துறைமுகத்திலிருந்து சந்தைத் திடல்வரை முதல் ரயில் ஓடியது. எஞ்சினின் பெயர் 'நேட்டால்'. அதே ஆண்டு நவம்பர் 16 அன்று சென்னையிலிருந்து 'டுரூரோ' கப்பல் அதே துறைமுகத்துக்கு நம்மவர்களைக் கொண்டுவந்து இறக்கியது. இரண்டுக்கும் நடுவே ஐந்து மாதம்கூட இல்லை. கரும்பை வெட்டவும் அந்தச் சக்கையால் நீராவி எழுப்பவும் வந்தவர்களின் வழியில்தான் நான் வருகிறேன். இங்கே டச்சு வழிக் குடியேறிகளான போயர்களோடு நடந்த யுத்தத்துக்கு ஆங்கிலப் படை ஃபௌலர் கம்பெனியின் நீராவி இழுவை வண்டிகளைக் கப்பலேற்றி வந்து சரக்கும் பீரங்கியும் இழுத்தது. அதே யுத்தத்தில் காயம்பட்டவர்களைக் காந்தி திரட்டிய ஆம்புலன்ஸ் படையில் சுமார் 1,100 இந்தியர்கள் தோளில் சுமந்து மைல்கணக்கில் நடந்தார்கள், பெரும்பாலோர் ஒப்பந்தக் கூலிகள். பீரங்கிக்கு நீராவி, மனிதனுக்கு மனிதன். பையன் ரஸ்க்கைத் தேநீரில் நனைக்க மறந்து கேட்டுக்கொண்டிருந்தான்.

முள் 100-ஐத் தாண்டியதும் எழுந்து ஒரு சுற்று வாருங்கள். ஒழுக்கு இருக்கிறதா என்று பாருங்கள், கையால் தேடாதீர்கள். வெள்ளையாகப் புகைவது நீராவி அன்று, அது குளிர்ந்த நீர்த்துளி. உண்மையான நீராவி கண்ணுக்குத் தெரியாது, விரலை வேகவைத்துவிடும். ஈர்க்குச்சி விளக்குமாறு ஒன்றை மூட்டுகளின் பக்கமாக ஆட்டுங்கள். ஈர்க்கு துடித்தால் அங்கே ஒழுக்கு.

ஐந்தாவது வேலையில்தான் புதியவர்கள் எஞ்சினை உடைப்பார்கள். இரண்டு சிலிண்டரும் குளிர்ந்து கிடக்கின்றன. முதலில் நுழையும் நீராவி உடனே தண்ணீராகிவிடும். பிஸ்டனுக்கு முன்னால் தண்ணீர் அகப்பட்டால் அது அமுங்காது என்று சொன்னேன் அல்லவா? மூடிதான் உடையும். ஆகவே நீராவிக் கைப்பிடியை மயிரிழை அளவு திறந்து, முன்னும் பின்னுமாக மாற்றும் கம்பியை அசைத்து, வண்டியை ஓரடி முன்னே ஓரடி பின்னே தொட்டில்போல் ஆட்டுங்கள். வால்குழாயிலிருந்து தண்ணீர் துப்புவது நின்று நீராவி மட்டும் வரும்வரை. தேர் வடம் பிடிக்கும்போது முதல் அசைவுக்குத்தான் பொறுமை வேண்டும், இதுவும் அப்படி.

பிறகு கைப்பிடியைக் கொஞ்சம் திறந்தால் போதும். சத்தமில்லாமல் நகரும். கிளட்ச் இல்லாததால் உதறல் இல்லை. பண்ணைச் சாலையில் யூக்கலிப்டஸ் மரங்களுக்கு நடுவே போனபோது எனக்குக் கேட்டதெல்லாம் சங்கிலியின் ஓசையும் சரளைக்கல்லும்தான். பேரன் சிவப்புத் துண்டை ஆட்டிக்கொண்டு முன்னால் ஓடினான். இங்கிலாந்தில் 1865-இல் போட்ட சட்டப்படி இப்படிப்பட்ட வண்டிக்கு முன்னால் ஓர் ஆள் சிவப்புக் கொடியோடு நடக்க வேண்டும். வேகம் ஊருக்கு வெளியே மணிக்கு நான்கு மைல், ஊருக்குள் இரண்டு. 1896 வரை அந்த விதி வண்டிகளைக் கட்டிப்போட்டது. அதை அவனிடம் சொன்னது என் தவறு.

ஓட்டும்போது சாலையை ஒரு கண்ணாலும் தண்ணீரை மறு கண்ணாலும் பார்க்க வேண்டும். நீர்மட்டக் கண்ணாடி இருக்கைக்குக் கீழே பக்கவாட்டில் இருப்பதால், அதைக் காட்ட ஒரு சிறு முகம்பார்க்கும் கண்ணாடி வைத்திருக்கிறார்கள். எஞ்சின் ஓடும்போதெல்லாம் அதோடு இணைந்த பம்பு பாய்லருக்குத் தண்ணீர் தள்ளிக்கொண்டே இருக்கும். மட்டம் அதிகமானால் பைபாஸ் வால்வைத் திறந்து அந்தத் தண்ணீரைத் தொட்டிக்கே திருப்புங்கள், குறைந்தால் மூடுங்கள். மேட்டில் ஏறும்போது மூடுவதா திறப்பதா என்பதை யாரும் சொல்லித்தர முடியாது. மூடினால் குளிர்ந்த நீர் புகுந்து அழுத்தம் விழும். திறந்தால் மட்டம் இறங்கும். நான் மேட்டுக்கு முன்பே மட்டத்தை ஏற்றிவைத்துவிட்டு, ஏற்றத்தில் திறந்துவிடுகிறேன்.

இந்தச் சின்னப் பம்பின் அருமை தெரிய வேண்டுமானால் முதல் வண்டியைப் பார்க்க வேண்டும். பிரெஞ்சுப் படைக்காகப் பீரங்கி இழுக்க நிக்கோலா ஜோசப் குன்யோ 1769-இல் ஒரு மாதிரியும் 1770-இல் முழு அளவு வண்டியும் செய்தார். மூன்று சக்கரம், முன்சக்கரத்துக்கும் முன்னால் அண்டாபோல் பாய்லர் தொங்கும். ஓடும்போது தண்ணீர் சேர்க்க வழியில்லை. கால் மணி நேரம் ஓடினால் நீராவி தீர்ந்து நிற்கும். மறுபடி கொதிக்கும்வரை காத்திருக்க வேண்டும். ஓடினாலும் மனிதன் நடக்கும் வேகம்தான். சுவரில் மோதியது என்றொரு கதையைப் பலரும் சொல்வார்கள். அது பல ஆண்டுகள் கழித்துத்தான் எழுத்தில் வந்தது என்பதால் நான் அதைச் சொல்லிச் சிரிப்பதில்லை. அரசர் 1772-இல் அவருக்கு 600 லிவர் (அக்காலப் பிரெஞ்சுப் பணம்) ஓய்வூதியம் கொடுத்தார், புரட்சி அதைப் பறித்தது. அவர் 1804-இல் இறந்தார். வண்டி இன்னும் பாரிஸ் கலை தொழில் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அந்தப் படத்தைப் பார்க்கும்போதெல்லாம் என் கண் பாய்லரிலேயே நிற்கும்; பாவம், ஒரு பம்பு இருந்திருந்தால்.

லோகோமொபீலுக்குப் பம்பு உண்டு, ஆனால் போன நீராவியைப் பிடித்து மறுபடி தண்ணீராக்கும் ஏற்பாடு இல்லை. எல்லாம் காற்றில் போகும். சுமார் இருபது மைலுக்கு ஒருமுறை தொட்டியை நிரப்ப வேண்டும். அந்தக் காலத்தில் சாலையோரக் குதிரைத் தொட்டிகளில் குழாய்விட்டு உறிஞ்சிக்கொண்டார்கள். 1914-இல் கால்நடைக் கோமாரி பரவியபோது அமெரிக்காவின் வடகிழக்கில் அந்தத் தொட்டிகளை மூடிவிட்டார்கள். ஸ்டான்லி வண்டிக்கு அடுத்த ஆண்டே நீராவியைக் குளிர்விக்கும் கண்டென்சர் வந்தது. அதற்குள் 1912-இல் கேடில்லாக் காருக்கு மின்சார ஸ்டார்ட்டர் வந்துவிட்டிருந்தது. பெட்ரோல் காரைக் கைக்கம்பியால் சுழற்றிக் கையை முறித்துக்கொள்ளும் காலம் போயிற்று. அரை மணி நேரம் தேநீர் குடித்துக்கொண்டு காத்திருக்க அதற்குப் பிறகு யார் இருப்பார்கள்?

நிறுத்தும்போது பெட்ரோலை அடையுங்கள். தீ முழுக்க அணைந்ததைக் குனிந்து பாருங்கள். அழுத்தம் கொஞ்சம் இறங்கியதும் பாய்லரின் அடித்திருகைத் திறந்து வண்டலை வெளியேற்றுங்கள். பயங்கரமாகச் சீறும், நாய், கோழி, குழந்தை எதுவும் அந்தப் பக்கம் இருக்கக் கூடாது. மூடியபின் கடைசியாக ஒன்று: பாய்லர் ஆறியதும் மேல்திருகை ஒரு சுற்றுத் திறந்து காற்றை உள்ளே விடுங்கள். முதல் நாள் இரவு நான் இதை மறந்துவிட்டேன். ஆலைப் பாய்லர்கள் வாரக்கணக்கில் ஆறாமல் இருக்கும். இந்தச் சின்னப் பாய்லர் ஓர் இரவில் ஆறி, உள்ளிருந்த நீராவி சுருங்கி வெற்றிடமாகி, தொட்டியிலிருந்த தண்ணீரைப் பம்பு வழியாகத் தானே உறிஞ்சிக் குடித்துவிட்டது.

மறுநாள் காலையில் கொட்டகைக்கு எனக்கு முன்பே பேரன் போயிருந்தான். "தாத்தா, கண்ணாடியில் ஒன்றுமே தெரியவில்லை. காலி. ஊற்றட்டுமா?" என்று கூப்பிட்டான். நான் செருப்பை மாட்டிக்கொண்டு போய்ச் சேர்வதற்குள் அவனே வாளியைக் கீழே வைத்துவிட்டு, குனிந்து, அட்டையின் கோடுகளைப் பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு கண்ணாடியின் அடித்திருகைத் திறந்தான். தண்ணீர் கொட்டிக்கொண்டே இருந்தது. கழுத்துவரை நிறைந்திருந்தது. அதை அளவுக்கு இறக்கவே எங்களுக்கு இருபது நிமிடம் பிடித்தது. அதற்குப் பிறகுதான் அவன் என்னிடம் தீப்பெட்டி கேட்டான்.